நானூற்றுப் பன்னிரண்டாம் வாக்கியம்

அத்-பாஷி,
ஜூன் 14

அன்பு மகள் பெர்மெத்துக்கு அம்மா அனார்குல் எழுதுவது. இங்கே ஆடு, மாடு, குதிரை, மனிதர் எல்லோரும் சுகம், உன் அப்பாவைக் கேட்டால் வரிசையும் அதுதான் என்பார். அங்கே ப்ராகில் நீயும் உன் கம்ப்யூட்டரும், முக்கியமாக உன் வயிறும் சுகமாக இருக்க வேண்டும். நேற்று நீ போனில் கேட்ட கேள்விக்கு, லைன் சரியில்லை என்று சொல்லி வைத்துவிட்டேன். லைன் நன்றாகத்தான் இருந்தது, பதில்தான் போனில் சொல்கிற பதில் இல்லை, பக்கத்தில் உன் அண்ணி மீரிம் வேறு மாவு பிசைகிற சாக்கில் காதைத் தீட்டிக்கொண்டு நின்றாள். அதனால் பேப்பரில் எழுதுகிறேன். முப்பத்தொரு வருடம் போஸ்ட் ஆபீசில் ஊரார் கடிதத்துக்கெல்லாம் முத்திரை குத்தியவள், நீளமாக ஒரு கடிதம் எழுத எனக்கு உரிமை உண்டு. சபீரா டீச்சரின் அக்கா மகன் வியாழக்கிழமை அங்கே வருகிறான், அவன் கையில் இதையும் ஒரு பை உலர்ந்த தயிர் உருண்டையும் இரண்டு ஜோடி கம்பளிக் காலுறையும் கொடுத்தனுப்புகிறேன், உருண்டையை அவன் வழியில் தின்றிருந்தால் எண்ணிக்கை எனக்குத் தெரியும் என்று சொல்.

முதலில் நான் மறைத்ததைச் சொல்லிவிடுகிறேன். ஏப்ரலில் நீ என்ன சொன்னாய்? நம் மொழியை மிஷினுக்குக் கற்றுக்கொடுக்கிறேன் அம்மா, மிஷின் தானாக அறுநூறு வாக்கியம் செய்து அனுப்பும், ஊரில் ஐந்து பேர் அதைக் கேட்டு ஆளுக்கொரு போனில் மார்க் போட வேண்டும், ஐந்து என்றால் நாங்கள் தாராளமாக இப்படிச் சொல்வோம், ஒன்று என்றால் இப்படி யாரும் சொல்வதில்லை, உண்மையா பொய்யா என்று பார்க்காதீர்கள், சொல்வார்களா மாட்டார்களா என்று மட்டும் பாருங்கள் என்றாய். ஐந்து பேரும் தனித்தனியாக உட்கார வேண்டும் என்றும் சொன்னாய். அது என் காதில் விழுந்தது, புத்தியில் ஏறவில்லை. நம் ஊரில் எவன் தனியாக உட்காருகிறான்? காய்ச்சல் வந்தவனைச் சுற்றியே எட்டுப் பேர் உட்காருகிறார்கள். மகளுக்காக ஐந்து பேரைக் கூப்பிட்டு, ஆளுக்கொரு மூலையில் போய் உட்காருங்கள் என்றால் அது மரியாதையா? ஆட்டை அறுத்தேன், விரிப்பைப் போட்டேன், உன் பெரியப்பா, உன் அப்பா, மீரிம், சபீரா டீச்சர், நான், ஐந்து பேரும் சுற்றி உட்கார்ந்தோம். ஆட்டுத் தலை பெரியப்பாவுக்கு, எழுபத்தொன்பது வயது, வேறு யாருக்குக் கொடுப்பது? தலையை வாங்கிக்கொண்டவர்தானே முதலில் வாய் திறக்க வேண்டும். டீச்சர் வாக்கியத்தைப் படிப்பாள், பெரியப்பா கண்ணை மூடி யோசித்து ஐந்து என்பார், ஐந்து போனிலும் ஐந்து. ஒன்று என்பார், எல்லாவற்றிலும் ஒன்று. அவர் சொன்ன பிறகு வேறு மார்க் போட நாங்கள் என்ன வளர்ப்பில்லாதவர்களா? நடுவில் அவர் தூங்கிவிட்டார், எழும்வரை டீ குடித்துக்கொண்டு காத்திருந்தோம். தூக்கக் கலக்கத்தில் எதைக் கேட்டாலும் மூன்று என்றார், அதையும் போட்டோம். கடைசியில் அவர் இரண்டு கையையும் ஏந்தி, அந்த மிஷினுக்கு நீண்ட ஆயுளும் நிறையக் குட்டிகளும் கிடைக்கட்டும் என்று ஆசீர்வாதமும் செய்தார்.

இரண்டு வாரம் கழித்து உன் நீளப்பெயர்ப் பேராசிரியர் சொன்னதை நீ எழுதியிருந்தாய். அறுநூற்றிலும் ஐந்து பேரும் ஒரே மார்க், ஒரே ஆளை இரண்டு நாள் கேட்டால்கூட இவ்வளவு ஒத்துப்போகாது, இது பார்த்து எழுதியது, செல்லாது என்று தூக்கிப் போட்டுவிட்டார். புதிதாக அறுநூறு அனுப்புகிறேன், ஜூன் பத்துக்குள் ஒழுங்காக வராவிட்டால் கோடை முழுக்க இங்கேயே உட்கார்ந்து வேறு ஆட்களைத் தேட வேண்டும், ஜூலையில் ஊருக்கு வர முடியாது அம்மா என்று கடைசி வரியில் எழுதியிருந்தாய். கடைசி வரியில் ஏன் எழுதினாய், முதல் வரியில் அல்லவா எழுத வேண்டும்? எனக்குக் கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை. கறந்த மாட்டையே போய் இன்னொரு தடவை கறந்தேன், அது என்னைத் திரும்பிப் பார்த்தது. நாலு கோடை ஆகிவிட்டது பெர்மெத், மருமகளாகப் போனவள்கூட வருடம் ஒரு தடவை பிறந்த வீட்டுக்கு வருவாள்.

சரி, இந்தத் தடவை தனித்தனிதான் என்று முடிவு செய்தேன். ஆனால் பெரியப்பாவிடம் யார் சொல்வது? உன் அப்பாவைச் சொல்லச் சொன்னேன். "என் அண்ணனைப் பாத்து, நீ பேசாதன்னு நான் சொல்லணுமா? அதுக்கு நீ என்னை மலையிலேருந்து தள்ளிவிடு" என்று குதிரையைத் தேய்க்கப் போய்விட்டார், அன்று அந்தக் குதிரை மூன்று தடவை தேய்க்கப்பட்டது. கடைசியில் நான்தான் போய், அந்த மிஷினுக்குப் பெரியவர் சின்னவர் தெரியாது, உங்கள் ஐந்தும் மீரிமின் ஐந்தும் அதற்கு ஒன்றுதான், யாருக்காகவும் பொய் மார்க் சொல்லக் கூடாது என்றேன். பெரியப்பா முகத்தில் ஈயாடவில்லை. மூன்று நாள் நம் வாசல் பக்கமே வரவில்லை. நாலாம் நாள் குதிரையில் வந்து, இறங்காமலே, "எங்க உக்காரணும், சொல்லு. பொண்ணு வரணும்" என்றார். அவ்வளவுதான் சொன்னார், நான் உள்ளே போய்க் கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்தேன்.

பெரியப்பாவை முற்றத்தில் நிற்கிற செத்துப்போன காரில் உட்காரவைத்தேன், அப்பாவை ஆட்டுப் பட்டியில், மீரிமைச் சமையலறையில், டீச்சரைக் கொல்லையில் உள்ள ஆவிக் குளியலறையில், நான் மாவு மூட்டைமேல். பெரியப்பாவுக்கு எழுத்து தெரியாது என்பதால் மிஷினே வாய்விட்டுப் படிக்கும்படி நீ செய்து கொடுத்தாயே, அது ஒரு பெண் குரல். அவர் சலாம் சொன்னார், அவள் பதில் சொல்லவில்லை. நீ யார் மகள் அம்மா, எந்தக் குலம், ஏழு தலைமுறை பாட்டன் பேர் சொல் பார்க்கலாம் என்று கேட்டார். அவள், ஓநாய் ரொட்டி சுடுகிறது, என்றாளாம். முதல் நாற்பது வாக்கியத்துக்கும் ஒன்று என்றே போட்டிருக்கிறார், அது வாக்கியத்துக்கு இல்லை, அவள் வளர்ப்புக்கு. பிறகு, பாவம், தாயில்லாத பிள்ளை போலிருக்கிறது என்று மனமிரங்கி ஐந்து போடத் தொடங்கினார். உன் அப்பா குதிரை வருகிற எல்லாவற்றுக்கும் ஐந்து. டீச்சர் கதையைக் கேட்காதே. சனிக்கிழமை ஆயிற்றே என்று உன் அப்பா பழக்க தோஷத்தில் காலையிலேயே குளியலறை அடுப்பை மூட்டிவிட்டிருக்கிறார். அவள் நானூற்றுத் தொண்ணூறு வாக்கியம் முடித்துவிட்டு பீட்ரூட் நிறத்தில் வெளியே வந்தாள், ஏன் முன்பே சொல்லவில்லை என்றால், தனியாக இருக்க வேண்டும் என்றுதானே சொன்னீர்கள் என்கிறாள். அந்த நானூற்றுத் தொண்ணூற்றில் கொஞ்சம் கோபம் கலந்திருக்கும், பேராசிரியரிடம் சொல்லிவை.

இதற்கு நடுவில் பக்கத்து வீட்டுக்காரி வேலிக்கு மேலாக எட்டிப் பார்த்திருக்கிறாள். ஒரு குடும்பத்தில் கிழவர் காரில், புருஷன் பட்டியில், பெண்டாட்டி மூட்டை மேல், ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் உட்கார்ந்திருந்தால் என்ன நினைப்பாள்? ஆடு பிரிப்பதில் சண்டை என்று முடிவு கட்டிவிட்டாள். சாயங்காலத்துக்குள் மூன்று வீட்டார் ரொட்டி எடுத்துக்கொண்டு சமாதானம் பேச வந்துவிட்டார்கள். சண்டை எதுவும் இல்லை என்று சொல்லச் சொல்ல, அடடா இவ்வளவு பெரிய சண்டையா என்று அழுதார்கள். கடைசியில் நானும் உன் அப்பாவும் எல்லோர் முன்னாலும் சமாதானம் ஆக வேண்டியதாயிற்று, அவர் ஒரு பழைய குற்றத்துக்கு மன்னிப்பும் கேட்டார், அது எனக்கே தெரியாத குற்றம், அதைப் பற்றித் தனியாக விசாரித்துக்கொண்டிருக்கிறேன்.

இனி உன் கேள்விகள். நானும் மீரிமும் மட்டும் சாமான் விற்கிற இடத்தின் பேர் வருகிற எல்லா வாக்கியத்துக்கும் ஒன்று போட்டிருக்கிறோம், ஏன் என்று கேட்டாய். படித்த பெண் நீ, இதுகூடத் தெரியாதா? அந்தச் சொல் உன் பெரியப்பாவின் பெயரில் பாதி. அந்த வீட்டு மருமகள்கள் நாங்கள் அதை வாயால் சொல்வோமா? சொல்வீர்களா என்றுதானே கேட்டாய், சொல்ல மாட்டோம், அதனால் ஒன்று. கடிதத்திலும் எழுத மாட்டேன், பேராசிரியருக்குப் புரிய வேண்டுமென்பதற்காக அந்த இரண்டு வார்த்தையை மட்டும் உன் அப்பாவை எழுதச் சொல்கிறேன்: பஜார். பஜார்பாய். கோழி கிளறிய மாதிரி எழுத்து, பார்த்தாலே தெரிந்திருக்கும். எங்கள் ஊரில் அப்படி ஓர் இடமே கிடையாது என்று மிஷினுக்குச் சொல்லிக்கொடுத்துவிடாதே, ஞாயிறுதோறும் கூடுகிறது, போன வாரம்கூட இரண்டு ஆடு விற்றோம்.

இரண்டாவது கேள்வி, நான் போனை வைத்த கேள்வி. மற்றதெல்லாம் பேராசிரியருக்குப் பிடித்துவிட்டது, மனிதர்கள் போட்ட மார்க் என்று நம்பிவிட்டார், நானூற்றுப் பன்னிரண்டாம் வாக்கியம் ஒன்றில்தான் ஐந்து பேரும் ஒரே மார்க், அதை மட்டும் பார்த்து எழுதினீர்களா என்று கேட்டாய். நடந்ததைச் சொல்கிறேன். எல்லாம் அனுப்பி முடித்த பிறகு, யார் எதற்கு என்ன போட்டீர்கள் என்று ராத்திரிச் சாப்பாட்டில் ஒவ்வொன்றாகப் பேசினோம். வெறும் வாயை மெல்லுகிறவர்களுக்கு அவல் கிடைத்த மாதிரி ஆயிற்று. ஒரு வாக்கியத்தில்கூட ஒற்றுமை இல்லை. ஆடு தன் மாமியாரிடம் அனுமதி கேட்டு மலை ஏறியது என்று ஒன்று, உன் அப்பா ஒன்று போட்டிருக்கிறார், மீரிம் ஐந்து போட்டிருக்கிறாள், நான் ஏன் என்று கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை, ஆனால் அன்றைக்கு நூடுல்ஸில் உப்பு கூட. டீச்சரும் பெரியப்பாவும் ஓநாய் ரொட்டி சுடுமா என்று கரண்டியை ஆட்டி ஆட்டிச் சண்டை போட்டார்கள். அப்படியே வந்து நானூற்றுப் பன்னிரண்டில் நின்றோம். "மகள் கோடைக்கு வீட்டுக்கு வந்திருக்கிறாள்." டீச்சர் படித்தாள். எல்லோரும் டீக் கிண்ணத்தைப் பார்த்தோம். உன் அப்பா ஒன்று என்றார். மீரிம் ஒன்று. டீச்சர் ஒன்று. நானும் ஒன்று. பெரியப்பா கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்து, "நான் அஞ்சு போடத்தான் கைய நீட்டினேம்மா. பொய் சொல்லக் கூடாதுன்னு நீதான சொன்ன" என்றார்.

ஆகவே உன் பேராசிரியரிடம் சொல், நாங்கள் பார்த்து எழுதவில்லை. ஒருவர் காரில், ஒருவர் பட்டியில், ஒருத்தி ஆவியில் வெந்துகொண்டு, யாரையும் கேட்காமல் போட்ட மார்க் அது. உண்மையா என்று பார்க்காதே, ஊரில் சொல்வார்களா என்று பார் என்றாய், பார்த்தோம். நாலு வருடமாக இந்த ஊரில் அந்த வாக்கியத்தை யாரும் சொன்னதில்லை. உன் மேல் கோபத்தில் எழுதுகிறேன் என்று நினைக்காதே, கோபம்தான், ஆனால் அதில் எழுதவில்லை. வேலை முடிந்தது, சந்தேகமும் தீர்ந்தது, டிக்கெட் வாங்கிவிட்டேன் என்று மட்டும் இன்னும் நீ சொல்லவில்லை.

உன் அப்பா ஆடுகளை மேல் மேய்ச்சலுக்கு ஓட்டப் போகாமல் ஏதேதோ சாக்கு சொல்லிக்கொண்டிருக்கிறார், வழி சகதி என்கிறார், வழி காய்ந்து கிடக்கிறது. பெரியப்பா தினமும் சாயங்காலம் காரில் போய் உட்கார்ந்து அந்தப் பெண்ணிடம் ஏழு பாட்டன் பேர் கேட்கிறார், நாலு பேர் அவரே சொல்லிக்கொடுத்துவிட்டார். அவருக்கு ஒரு மூக்குக்கண்ணாடி வாங்கி வா, அனுப்பாதே, வாங்கி வா. வேளைக்குச் சாப்பிடு, ஜன்னல் பக்கம் ஈரத் தலையோடு உட்காராதே, காலுறையை ஆபீசுக்கும் போட்டுக்கொள், அழகு யார் பார்க்கிறார்கள். எங்கள் ஐந்து பேரின் ஆசீர்வாதமும் உன் பாதைக்குத் துணை இருக்கட்டும், உன் முன்னால் வெளிச்சமும் உன் பின்னால் நல்ல பேரும் வரட்டும்.

ஒன்றை மறந்துவிடாதே. போட்ட மார்க்கை மாற்ற ஜூலை முப்பத்தொன்று வரை நேரம் உண்டு என்று அந்த மிஷினே காட்டுகிறது. ஐந்து பேர் போனையும் சார்ஜ் போட்டு வைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
உன் வாசலைப் பார்த்திருக்கும் அம்மா,
அனார்குல்