எடுத்துக் கொடுத்த வரி

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். இங்கே நானும் உன் மகளும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம். குளியலறைக் குழாயைச் சரிசெய்தாயிற்று. ஆள் வந்து போன மறுநாளே மறுபடி சொட்டுகிறது. கண்ணுக்கு மருந்து விட்டுக்கொள்கிறேன். இதையெல்லாம் ஃபோனிலேயே சொல்லியிருக்கலாம். ஃபோனில் சொல்ல வராத ஒன்றுக்காகத்தான் இந்தக் கடிதம். இதையும் எழுதி எழுதிக் கிழித்தேன்.

உன் மகள் நாடகக் குழுவில் சேர்ந்ததைச் சொல்லியிருந்தேன். சைக்கிள் கடைக்கு மேலே உள்ள அறையில் பயிற்சி. முதலில் வெறும் விளையாட்டு என்றுதான் நினைத்தேன். ஒருத்தி தலை வாருவாள், எதிரே நிற்பவள் கண்ணாடி மாதிரி அதையே செய்வாள். பிறகு அவரவர் வீட்டில் நடப்பதை நடித்துக் காட்டச் சொன்னார்கள். அதையே எழுதி நாடகமாக்கினார்கள். அச்சகத்தில் காலமெல்லாம் பிழை திருத்தியவன் என்பதால், மேடை ஓரத்தில் நின்று வசனம் எடுத்துக் கொடுக்கும் வேலை எனக்கு. மறுக்கத் தைரியம் வரவில்லை.

போன ஞாயிற்றுக்கிழமை அரங்கேற்றம். உன் மகளின் காட்சியில், வெளிநாட்டிலிருந்து வந்த அம்மா அவளை அழைத்துப் போகப் பெட்டி அடுக்குகிறாள். அம்மாவாக நடித்தவள் அவளுடைய தோழி. உயரத்துக்காக எல்லோரும் ஒட்டடைக்குச்சி என்று கூப்பிடும் பெண். “எல்லாம் வெச்சாச்சு. கெளம்பலாமா?” என்று அவள் கேட்டதும், “சரிம்மா, வரேன்” என்பது உன் மகளின் வசனம். அவள் சொல்லவில்லை. மறந்துவிட்டாள் என்று எடுத்துக் கொடுத்தேன். அசையவில்லை. விட்டுப்போன வரியைப் பார்த்துக்கொண்டு என்னால் சும்மா இருக்க முடியாது. இன்னும் உரக்கச் சொன்னேன். முன்வரிசை வரை கேட்டிருக்கும். அவள் என் பக்கம் திரும்பி, “தெரியும் தாத்தா, கொஞ்சம் சும்மா இருங்க” என்றாள். கூட்டம் சிரித்தது. பிறகு பெட்டியைத் திறந்து தன் துணிகளை ஒவ்வொன்றாக வெளியே வைத்து, “நான் வரலம்மா” என்றாள். சிரிப்பு நின்றுவிட்டது. ஒட்டடைக்குச்சி திகைத்துப்போய், “இவ்ளோ நேரம் மடிச்சேனேடி” என்றாள். அது எந்தத் தாளிலும் இல்லாத வசனம்.

வீட்டுக்கு வரும் வழியில் கேட்டேன். அங்கே கல்லூரியில் அம்மா உனக்கு இடம் வாங்கியதிலிருந்து ஃபோனில் “சரிம்மா” என்றுதானே சொல்லிவந்தாய், அதெல்லாம் பொய்யா என்று. “பொய் இல்ல தாத்தா. அங்க நின்னப்பதான் எனக்கே தெரிஞ்சுது” என்றாள். அம்மாவிடம் சொல்லட்டுமா என்றதற்குத் தோளைக் குலுக்கினாள். சம்மதம் என்று எடுத்துக்கொண்டேன். தவறாகவும் இருக்கலாம்.

மேடை வேகத்தில் வந்த பேச்சா, நிலைக்குமா, எனக்குத் தெரியவில்லை. இத்தனை வருடம் நீ அங்கே தனியாகக் கிடந்து உழைத்தது அவளை அழைத்துக்கொள்ளத்தான் என்பது தெரியும். அவள் இங்கேயே இருந்தால் எனக்கு நல்லது. அதனால் இந்த விஷயத்தில் என் பேச்சை நானே முழுதாக நம்பவில்லை. நீயும் நம்ப வேண்டாம்.

ஒன்று மட்டும் கேட்கிறேன். இதை அவளிடம் ஃபோனில் கேட்காதே. பழக்கத்தில் “சரிம்மா” என்றுவிடுவாள். அடுத்த மாதம் நீ வரும்போது எதிரே உட்காரவைத்துக் கேள். பேசாமல் இருப்பாள். வெகுநேரம் அப்படியே இருப்பாள். அப்போது நீ எடுத்துக் கொடுத்துவிடாதே அம்மா. நானும் அடுத்த அறையில் வாயை மூடிக்கொண்டு இருக்கப் பார்க்கிறேன்.

நீ நன்றாக இருக்க வேண்டும். அவளும்.

உன் அப்பா