நீ சொன்ன பெட்டிதான் பழுது

சென்ற மாதம் ஒரு பெரிய வண்டியின் பின்பக்கத்து உள்தகட்டைக் கழற்றியபோது அந்த வாடை வந்தது. மழைத்தண்ணீரில் ஊறிக் காய்ந்த துணியும் கருகிய பிளாஸ்டிக்கும் சேர்ந்த வாடை. கையை உள்ளே விட்டு அந்தக் கறுப்புப் பெட்டியை எடுத்தேன். உள்ளங்கை அகலம்தான் இருக்கும். ஒயர் வந்து சேரும் கப்ளரைப் பிடுங்கிப் பார்த்தால் உள்ளே பித்தளை முள்ளெல்லாம் ஈரத்தில் பச்சை பூத்திருந்தது. அதை மடியில் வைத்துக்கொண்டு அந்த வண்டியின் பின்புறத்திலேயே உட்கார்ந்துவிட்டேன். ஏழு வருடத்துக்கு முன்னால், இதே பட்டறையில் வேறொரு வண்டிக்கு, மாற்றச் சொல்லி நீ கெஞ்சியது இந்தப் பெட்டியைத்தான்.

வண்டி திருவொற்றியூரில் கிளினிக் வைத்திருக்கும் ஒரு டாக்டரம்மாவுடையது. நாலு சக்கரத்துக்கும் ஸ்பிரிங்குக்குப் பதிலாகக் காற்றுப் பை வைத்த வண்டி. காலையில் வந்து பார்த்தால் இடதுபக்கப் பின்மூலை மட்டும் தரையைத் தொடுகிறாற்போல் இறங்கி நிற்கிறது என்றார். இரண்டு இடத்தில் காட்டி, காற்றடிக்கும் கம்ப்ரசரை மாற்றியும் சரியாகவில்லை. பழுதைப் படித்துச் சொல்லும் ஸ்கேனரை மாட்டினேன். இடது பின்பக்கம் உயரத்தைப் பார்க்கும் சென்சார் பழுது என்று அது சொன்னது. ஏழு வருடத்துக்கு முன்னால் சொன்ன அதே பதில்.

இந்த முறை நான் ஸ்கேனரைக் கீழே வைத்தேன். "ஸ்கேனரு சொல்றத மட்டும் கேக்காத மாமு, ஒயர்ல இன்னா வருதுன்னு பாரு" என்பாயே, அப்படியே செய்தேன். சென்சாருக்கு வரும் கப்ளரில் மீட்டரை வைத்தேன். ஐந்து வோல்ட் வர வேண்டும். நாலுகூட வரவில்லை. சென்சாரைக் கழற்றிவிட்டுப் பார்த்தேன், அப்போதும் அதேதான். பின்னால் போய் அந்தப் பெட்டியின் முள்ளிலேயே வைத்துப் பார்த்தேன். புறப்படும் இடத்திலேயே குறைகிறது. சென்சார் மேல் குற்றமில்லை, ஒயர் மேலும் இல்லை. நாலு பைக்கும் எப்போது காற்றை ஏற்ற வேண்டும், எப்போது இறக்க வேண்டும் என்று தீர்மானிக்கிற பெட்டியே கெட்டிருக்கிறது. எல்லாம் சேர்த்துப் பத்து நிமிடம் ஆகியிருக்கும். அந்தப் பத்து நிமிடத்தை நான் உனக்குத் தரவில்லை.

நாம் இரண்டு பேரும் எம்.கே.பி. நகரில் அடுத்தடுத்த பிளாக். ஐ.டி.ஐ.யில் ஒரே பெஞ்சு. யார் யாரிடமோ வேலை பார்த்துவிட்டு, சாத்தாங்காட்டு இரும்பு மார்க்கெட்டைத் தாண்டி இந்தத் தகரக் கொட்டகையை எடுத்தோம். கஸ்டமரிடம் பேசுவது என் வேலை. உனக்குப் பேச்சு வராது. யாராவது கேள்வி கேட்டால் கையிலிருக்கும் துணியைப் பார்த்துக்கொண்டே பதில் சொல்வாய். வண்டிக்கு அடியில் போய்விட்டால் மட்டும் சத்தமாகப் பாடுவாய், பாதி வரி தப்பாக.

நமக்குச் சோறு போட்டது அண்ணாச்சியின் லாரிகள். தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து வந்து சாத்தாங்காட்டில் இரும்புக் கடை வைத்தவர். எட்டு லாரிக்கும் நம் பட்டறைதான். அவருடைய அம்மாவுக்கு முட்டி மடங்காது. நிறுத்தினால் தானாகத் தணிந்து கொடுக்கும், அம்மா சுலபமாக ஏறலாம் என்றுதான் இதே மாதிரி காற்றுப் பை வைத்த பெரிய வண்டியை வாங்கினார். ஞாயிறுதோறும் அம்மாவை அதில் ராயபுரம் மாதா கோவிலுக்குக் கூட்டிப்போவார்.

அந்த வருட மழையில் அவர் வீட்டுத் தெருவில் முழங்கால் அளவு தண்ணீர் நின்றது. அதற்குப் பிறகுதான் வண்டி கோணலாக இறங்க ஆரம்பித்தது. நான் ஸ்கேனரைப் பார்த்துவிட்டுச் சென்சாரை மாற்றச் சொன்னேன். நீ மீட்டரோடு வந்து நின்றாய்.

"சென்சார் இல்ல மாமு. வோல்ட்டே கம்மியா வருது. பின்னாடி கீற கருப்பு யூனிட்டுல தண்ணி பூந்துகீது. அத கழட்டிப் பாக்கலாம்."

"யூனிட்டுனா ஆர்டர் போட்டு வரணும். மூணு வாரம் ஆவும். ஞாயித்துக்கெழம அம்மாவ கோயிலுக்கு கூட்டினு போணுமாம்."

"மூணு வாரம் ஆட்டோல போவட்டும். இப்ப வண்டிய குடுக்காத. அவங்க ஏறும்போது எறங்கிச்சின்னா எவனாலயும் புடிக்க முடியாது."

அண்ணாச்சியின் டிரைவர் பக்கத்தில் நின்றிருந்தான். அவன் முன்னால் நீ என்னைத் திருத்துவது எனக்குப் பிடிக்கவில்லை. "ஸ்கேனர் படிக்க எப்ப கத்துக்கின? சொன்னத மாட்டு" என்றேன். டிரைவர் சிரித்தான். நீ துணியைப் பார்த்தாய். பிறகு அடியில் போய்ச் சென்சாரை மாட்டினாய். அன்றைக்கு நீ பாடவில்லை.

எரர் அழிந்தது. இரண்டு நாள் வண்டி சமமாக நின்றது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் சாவியைக் கொடுத்தேன். உன்னை ஒரு பார்வை பார்த்தேன், பார்த்தாயா என்கிற மாதிரி.

ஞாயிறு பூசை முடிந்து, கோவில் வாசலில் அம்மா ஒரு காலைப் படியில் வைத்து ஏறும்போது இடது பின்மூலை சட்டென்று இறங்கியது. கதவு திறந்திருக்கையில் வண்டி ஏறவோ இறங்கவோ கூடாது. அதைத் தடுக்க வேண்டியதும் அந்தப் பெட்டிதான். அம்மா பின்பக்கமாகக் கல் விளிம்பில் விழுந்தார். இடுப்பெலும்பு முறிந்தது. அதற்குப் பிறகு அவர் நடக்கவே இல்லை.

திங்கட்கிழமை காலையில் அண்ணாச்சி வந்தார். கூட இரண்டு பேர். அவர் சத்தம் போடவில்லை.

"கடைசியா வண்டியில கை வச்சது யாருடே?"

நீ தண்ணீர் டிரம்மருகே கை கழுவிக்கொண்டிருந்தாய். நான் சொன்னேன்: "சென்சார் மாட்டுனது அவன்தாண்ணாச்சி."

அது பொய் இல்லை. மாட்டியது நீதான். இந்த ஏழு வருடத்தில் அந்த வரியை எத்தனை முறை திருப்பிப் பார்த்தாலும் அதில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை. அதனால்தான் அதைச் சொல்ல எனக்கு அவ்வளவு சுலபமாக வாய் வந்தது.

நீ திரும்பி என்னை ஒரே ஒரு முறை பார்த்தாய். பிறகு அவரிடம், "அம்மா எப்டி கீறாங்க?" என்று கேட்டாய்.

"அத நீ கேக்காத. ஒரு சின்னச் சாமான ஒழுங்கா மாட்டத் தெரியல, உனக்கு எதுக்குடே இந்தத் தொழிலு?"

நீ ஆணியில் தொங்கிய சட்டையை எடுத்துப் போட்டுக்கொண்டாய். கை ஈரம் சட்டையில் பட்டது. வெளியே நடந்து போய்விட்டாய். நாளைக்கு வருவாய், சண்டை போடுவாய், நாலு அறை விடுவாய், வாங்கிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். நீ வரவே இல்லை.

உன் மேலும் எனக்குக் கோபம் உண்டு. இதை மறைத்துவிட்டு நல்லவன் மாதிரி எழுத முடியாது. நீ அங்கேயே சொல்லியிருக்கலாம். அந்தப் பெட்டியைக் கழற்றிக்கொண்டு வந்து அவர் முன்னால் போட்டிருக்கலாம். நான் சொல்வேன் என்று அந்த ஒரு நிமிடம் காத்திருந்தாயே, எந்த நம்பிக்கையில் காத்திருந்தாய்? என்னோடு ஒன்பது வருடம் வேலை செய்தவனுக்கு என்னைத் தெரியாதா?

ஒரு மாதம் கழித்து டீக்கடையில் அந்த டிரைவரைப் பார்த்தேன். வண்டியை வேறு இடத்துக்குக் கொண்டுபோனதாகச் சொன்னான். "பின்னாடி ஒரு பொட்டிய மாத்துனாங்கண்ணா. அப்பால ஒண்ணும் தொந்தரவு இல்ல" என்றான். எனக்கு அன்றைக்கே தெரிந்துவிட்டது. டீயைக் குடித்து முடித்தேன். பட்டறைக்குத் திரும்பி வந்து, அண்ணாச்சியின் லாரி ஒன்றுக்குக் கிளட்ச் மாற்றினேன்.

அண்ணாச்சி சொன்னது மார்க்கெட் முழுக்கப் பரவியது. சாத்தாங்காட்டில் யாரும் உன்னைச் சேர்க்கவில்லை, மணலி ரோட்டிலும் இல்லை. எண்ணூரில் ஒரு கன்டெய்னர் யார்டில் டிரெய்லர்களுக்கு டயர் மாற்றுகிறாய் என்று கேள்விப்பட்டேன். ஒயரைத் தொட்டாலே பழுது சொல்லும் கைக்கு நட்டு முறுக்கும் வேலை. ஒரு நாள் போய்ப் பார்க்க வேண்டும் என்று நினைப்பேன். பொங்கல் கழியட்டும், மழை விடட்டும், என் பெண்ணின் பரீட்சை முடியட்டும் என்று ஏதாவது ஒன்று இருக்கும். ஐந்து வருடம் இப்படிப் போனது. அப்புறம் ஒரு மத்தியானம், யார்டில் டயரோடு டயராகச் சாய்ந்து நீ உட்கார்ந்துவிட்டதாகவும், எழுந்திருக்கவில்லை என்றும் சொன்னார்கள். உன் சாவுக்கு வந்தேன். கூட்டத்தோடு நின்று மாலை போட்டேன். உன் மனைவி தேவகி என்னைப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

இந்த முறை டாக்டரம்மாவிடம் சொன்னேன், புது யூனிட் வரும்வரை வண்டியை எடுக்க வேண்டாம், ஆபத்து என்று. "சரிங்க, அதுவரைக்கும் ஆட்டோல போய்க்கிறேன்" என்றார். அவ்வளவுதான். அவ்வளவு சுலபமாக இருந்தது.

பெட்டி வந்ததும் பேட்டரியைக் கழற்றி, பழையதை எடுத்துவிட்டுப் புதியதை மாட்டினேன். புதுப் பெட்டிக்கு வண்டியின் உயரம் தெரியாது, நாம்தான் சொல்லித்தர வேண்டும். சமமான தரையில் நிறுத்தி, நாலு சக்கரத்துக்கும் நடுவிலிருந்து மட்கார்டு விளிம்புவரை டேப் பிடித்து அளந்தேன். மூன்று முறை அளந்தேன், உன்னைப் போல. அளவுகளை ஸ்கேனரில் ஏற்றினேன். வண்டி மூச்சு விடுகிற மாதிரி சத்தத்தோடு எழுந்து சமமாக நின்றது. பிறகு நாலு நாள் வைத்திருந்தேன். கதவைத் திறந்து, ஒரு காலைப் படியில் வைத்து, நானே எத்தனையோ தடவை ஏறி இறங்கினேன். பக்கத்துக் கடைக்காரர் வேடிக்கை பார்த்தார்.

சாவி வாங்கும்போது டாக்டரம்மா கேட்டார்: "ரெண்டு எடத்துல கண்டுபிடிக்க முடியல. நீங்க எப்படிக் கண்டுபிடிச்சீங்க?"

"நான் இல்லைங்க. என் பார்ட்னர் ஒருத்தன் இருந்தான். அவன் பாக்கற முறை இது."

"அவர் பேர் என்ன?"

சொன்னேன். இந்தப் பட்டறைக்குள் ஏழு வருடமாக நான் உன் பெயரைச் சொல்லவில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. அவர் போனதும் ஷட்டரை இறக்கிவிட்டு அண்ணாச்சியின் கடைக்கு நடந்தேன்.

கடையில் கம்பி இறங்கிக்கொண்டிருந்தது. எல்லாவற்றையும் சொன்னேன். நீ தடுத்ததை, நான் கேட்காததை, டிரைவர் சொன்ன பிறகும் வாயை மூடிக்கொண்டிருந்ததை. கைநீட்டி அடிப்பார் என்றுகூட எதிர்பார்த்தேன். அவர் கம்பிக் கட்டுகளை எண்ணியபடியே கேட்டார்.

"அம்மா போயே ரெண்டு வருசமாச்சு. வண்டியயும் வித்தாச்சு. அவனும் இல்லங்குதே. இப்ப எதுக்குடே இதக் கெளப்புதே?"

"நீங்க அவனப் பத்தி நாலு பேர்கிட்ட சொன்னீங்கண்ணாச்சி."

"சொன்னேன். சொன்னத இனி எங்க போய்ப் பொறுக்க?" இன்னும் ஒரு கட்டை எண்ணி முடித்தார். பிறகு, "நாளைக்கு ரெண்டு லாரி வருது, பிரேக்க பாத்து வையி" என்றார்.

அவ்வளவுதான் மாமு. உன் பிழைப்பைப் பறித்த அந்த விஷயத்துக்கு என்னிடமிருந்து ஒரு லாரி வேலையைக்கூடப் பறிக்க மனமில்லை அவருக்கு.

அடுத்த ஞாயிறு உன் வீட்டுக்குப் போனேன். கூடத்தில் புத்தர் படத்துக்குக் கீழே உன் படம். தேவகி என்னை உட்காரச் சொல்லவில்லை. நின்றுகொண்டே சொன்னேன். அண்ணாச்சியிடம் சொல்லிவிட்டு வந்ததையும் சொன்னேன், அதற்கு ஏதோ மதிப்பு இருக்கிற மாதிரி.

"இதெல்லாம் எனக்குத் தெரியும்ண்ணா. எங்க ஊட்டுக்காரரு அன்னிக்கே வந்து சொல்லிட்டாரு."

"அவன் எப்பனாச்சும் என்னப் பத்தி…"

"இன்னா, மன்னிச்சிட்டாருன்னு சொல்வேன்னு பாக்கறியா? மன்னிக்கல. சோறு துன்னுகினு இருக்கும்போதே கை நின்னுடும். அவன் ஒரு வார்த்த சொல்லிருக்கலாம்னுவாரு. அப்பறம் துன்ன மாட்டாரு. நான் இன்னா, பொய்யா சொல்றேன்?"

"நான் வரணும்னுதான் இருந்தேன் தேவகி."

"அஞ்சு வருசமா எண்ணூருக்கு பஸ்சு ஓடிக்கினுதான் இருந்திச்சிண்ணா."

பிறகு, தன் பெண் டியூஷனிலிருந்து வரும் நேரம், அவளுக்கு என்னைப் பார்த்தால் பிடிக்காது என்றாள். நான் இறங்கி வந்தேன்.

பட்டறையை விட்டு நீ போன நாளிலிருந்து என் தலைக்குள் ஒரு குரல் இருந்தது. வேலைக்கு நடுவில், பஸ்ஸில், தூக்கம் வராதபோது, நீ வந்து "வுடு மாமு, நடந்தது நடந்துபோச்சி" என்று சொல்வாய். அதைக் கேட்டுக் கேட்டுத்தான் இத்தனை வருடம் ஓட்டினேன். அதை நீ ஒருநாளும் சொன்னதில்லை. நானே உன் குரலில் எனக்குச் சொல்லிக்கொண்டது. தேவகி பேசியதிலிருந்து அது வருவதில்லை. இப்போது என்னிடம் இருப்பது, சோற்றில் கை நின்றபோது நீ சொன்ன அந்த ஒரு வரிதான். அது கடுமையாக இருக்கிறது. ஆனால் அது நிஜமாகவே நீ சொன்னது. அதனால் அதை வைத்துக்கொண்டேன்.