அதிகாரம் இல்லாத பச்சை மை

ஜூன் 9, திங்கள்
காலையிலிருந்தே புழுக்கம். பி ஷிப்ட். துணி காயப்போடும்போது தபால்காரர். பதிவுத் தபால், தாசில்தார் உத்தரவு. வீடு இருக்கிற பத்து சென்ட் பட்டா என் வீட்டுக்காரர் பேரிலிருந்து ரத்து. இனி பங்காளி சேகர் பேரில். குடோன் கட்ட அவனுக்கு ரோட்டோர மனை வேண்டும், அவ்வளவுதான். விசாரணை நடந்ததாம், நாங்கள் வரவில்லையாம். எந்த விசாரணை? மூன்று பக்கம், கீழே பச்சை மையில் கையெழுத்து. மகாராஜா என்று நினைப்பு.

இவர் அதை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, "ஆபீசர பகைச்சிக்கினு இன்னா பண்ணப்போறோம்?" என்கிறார். கல்யாணமான நாளாக இதே பாட்டு.

வாங்க: உளுந்து, சோப்பு, ஷூ லேஸ்.

ஜூன் 11, புதன்
தாலுகா ஆபீஸ். தாசில்தார் (இனி தா. முழுசாக எழுதினால் மை வீண்) செல்போனைப் பார்த்தபடியே பேசினார். எங்களை நிற்க வைத்து. சேகர் காட்டிய பத்திரம்தான் செல்லுமாம். எந்தப் பத்திரம் செல்லும் என்று சிவில் கோர்ட் அல்லவா சொல்ல வேண்டும் என்றேன்.

"ஏம்மா, கம்பெனில நட்டு முடுக்கற நீ எனக்கு இன்னா அதிகாரம்னு சொல்லித் தர்றியா?"

இவர் என் கையைப் பிடித்து இழுத்து வந்தார். வெளியே டீ வாங்கிக் கொடுத்தார். குடிக்கவில்லை. பயம்தான், அதையும் எழுதி வைக்கிறேன். இந்த வீட்டை விட்டால் எங்களுக்குப் போக்கிடம் இல்லை.

ஜூன் 14, சனி
ஓ.டி. வேண்டாமென்று சொல்லிவிட்டுப் படப்பை, வக்கீலம்மா வீடு. ஷேர் ஆட்டோவில் முட்டி இடித்து வலி.

உங்கள் ஊர் எந்தத் தாலுகா என்று கேட்டார். இவர் பழைய தாலுகா பேரைச் சொன்னார். ஊரே இன்னும் அப்படித்தான் சொல்கிறது, பஸ் அங்கேதானே போகிறது. எனக்குச் சுருக்கென்றது. மகளின் வருமானச் சான்றிதழில் இருப்பது வேறு தாலுகா முத்திரை. தாலுகாவைப் பிரித்ததில் எங்கள் ஊர் புதுத் தாலுகாவுக்குப் போய் இரண்டு வருஷம் ஆகிறது. எங்கள் ஊரில் ஒரு வேப்பிலை கிள்ளக்கூட தா.வுக்கு உரிமை கிடையாது. ஆபீஸில் கிடந்த பழைய ஃபைல் கட்டை எடுத்து, ஊர் எங்கே இருக்கிறது என்றுகூடப் பார்க்காமல் கையெழுத்து. இந்த லட்சணத்தில் எனக்கு அதிகாரப் பாடம்.

ஜூலை 3, வியாழன்
ஹைகோர்ட். உள்ளே நல்ல குளிர். அரசு வக்கீல், ஆர்.டி.ஓ.விடம் அப்பீல் போகாமல் நேராக இங்கே ஏன் வந்தார்கள் என்று கேட்டார். நீதிபதி உத்தரவின் தேதியைப் பார்த்தார், சான்றிதழைப் பார்த்தார்.

"அந்த ஊர்லயே இவருக்கு அதிகாரம் இல்ல. அப்புறம் எதுக்கு அப்பீல்?"

நாலு நிமிஷம். தா.வின் உத்தரவு ரத்து. மனை யாருடையது என்று கோர்ட் சொல்லவில்லை. அதிகாரம் உள்ள தாசில்தார் இரண்டு பேரையும் கூப்பிட்டுப் புதிதாக விசாரிக்க வேண்டும். பாதி ஜெயம்தான் என்றார் வக்கீலம்மா. எனக்கு அதுவே போதும். பாத்ரூமில் போய் அழுதேன், சந்தோஷத்தில்.

திரும்பும்போது இவர் பக்கத்து சீட்காரரிடம், விடக்கூடாது என்று தான் அப்போதே சொன்னதாக. வீட்டில் எலி, பஸ்ஸில் புலி.

ஜூலை 21, திங்கள்
தூறல். லீவு. புதுத் தாலுகா ஆபீஸில் விசாரணை. சுவரில் பெயிண்ட் வாசனை போகவில்லை. சேகர் முன்னாடியே வந்து பெஞ்சில் காலாட்டிக்கொண்டிருந்தான். தோற்றவனுக்கு என்ன இத்தனை தெம்பு என்று யோசித்தேன்.

உள்ளே கூப்பிட்டார்கள். நாற்காலியில் தா.

போன வாரம்தான் இங்கே மாற்றலாகி வந்தாராம். மேஜையில் கோர்ட் உத்தரவு. இன்று கையில் செல்போன் இல்லை.

"உக்காரும்மா. இப்ப எனக்கு அதிகாரம் இருக்குதில்ல?"

இருக்கிறது என்றேன். நின்றுகொண்டே.