வாகை முனிவரின் நாக்கு

மழை தவறாதிருக்க. மண் குளிர்ந்திருக்க. கீழைக் கடல் முதல் கருமலை வரை ஒரே குடை நிழலில் வைத்தாளும் செங்கழனி நாட்டுப் பேரரசர் வீரவிண்ணனார் திருவாய் மலர்ந்தருளியபடி, அவர் அடி தாங்கும் முதலமைச்சன் ஏறன் சாத்தன் எழுதுவித்த ஓலை. நெடும்பாறை நாடுடையவரும், கருமலைக் கணவாயின் காவலரும், மதங்கொண்ட யானையைத் தனி வேலால் மறித்தவருமாகிய வேள் கரிகண்ணனார் திருமுன் இது வாசிக்கப்படுக. தங்கள் சுனைகள் வற்றாதிருக்க. தங்கள் குதிரைகள் நொண்டாதிருக்க. தங்கள் மனையில் தொட்டில் ஓயாதிருக்க.

தாங்கள் மாசித் திங்களில் விடுத்த ஓலை வந்து சேர்ந்தது. மேலைவாகையும் கீழைவாகையுமாகிய இரண்டு ஊரும் கூடி வணங்கும் மௌன முனிவர் முனிவரே அல்லர் என்றும், வேட்டன் என்னும் மாட்டுத் தரகன் என்றும், நாக்கைச் சுட்டு ஊமையாக்கி அவனை அவ்வூரார் வைத்திருக்கிறார்கள் என்றும், வேற்படையோடு சென்று அவனை மீட்டுவரத் தங்களுக்கு ஆணை வேண்டும் என்றும் அதில் கண்டிருந்தது. பேரரசர் அதை முழுதும் கேட்டார். உண்மையறிந்து வரும்படி எம்மையே அனுப்பினார். யாம் வழிபட வந்தவரைப் போல அங்கே சென்று தங்கி, பார்க்க வேண்டியதைப் பார்த்து, கேட்க வேண்டியவளிடம் கேட்டுத் திரும்பினோம். நடந்தது இது.

வேட்டன் தென்கரைக்காரன், பேச்சால் பிழைத்தவன். நொண்டிக் காளையை நிற்க வைத்தே விற்றுவிடுவான். பல் தேய்ந்த கிழட்டுப் பசுவைக் கன்று என்று சொல்லி, வாங்க வந்தவனையே ஆமாம் போட வைப்பான். உறக்கத்திலும் அவன் பேரம் பேசுவான் என்று அவன் மனைவி அலரி எம்மிடம் சொன்னபோது, அத்தனை துயரத்திலும் அவள் உதட்டோரத்தில் சிரிப்பு வந்து போயிற்று. அப்படிப்பட்டவன் கருமலைச் சந்தைக்கு எருதுகளை ஓட்டிக்கொண்டு வாகை ஏரிக்கரை வழியாகப் போனான். அங்கே ஓர் எருது மிரண்டு உதைத்தது. உதை தாடையில் விழுந்தது. எருதுகள் போன திசை தெரியவில்லை. வேட்டன் புழுதியில் ஊர்ந்துபோய் ஒரு வாகை மரத்தடியில் சாய்ந்து, தன் தலைப்பாகைத் துணியை அவிழ்த்துத் தொங்கிய தாடையை உச்சந்தலையோடு சேர்த்துக் கட்டிக்கொண்டான். வலியில் கண்ணீர் வழிந்தபடி இருந்தது.

அன்றைக்குத்தான் இரண்டு ஊராரும் ஏரி மதகுக்காக அரிவாளோடும் தடியோடும் கரையேறி வந்தார்கள். ஆண்டுதோறும் அந்தக் கரையில் பிணம் விழாமல் அவர்கள் நடவு நட்டதில்லை; அதைத் தாங்கள் எமக்கு முன்பே அறிவீர்கள். இரு திரளும் மோதப்போன இடத்தில், நடுவில் ஒருவன் வாயைக் கட்டிக்கொண்டு அழுதபடி உட்கார்ந்திருந்தான். யார் என்று கேட்டார்கள். பதில் இல்லை. அப்போது மேலைவாகைக் கணியன் விடங்கன் முன்னே வந்தான். மழை வரும் என்று இவன் குறித்த நாளெல்லாம் பொய்த்துப்போனதால், எந்த வீட்டிலும் மோர்கூடக் கிடைக்காமல் அலைந்துகொண்டிருந்தவன் இவன். அவன் வேட்டனைச் சுற்றிவந்து பார்த்தான்; பிறகு கீழே விழுந்து வணங்கினான். "நாம் பேசிப் பேசித்தானே வெட்டிக்கொண்டோம்? இவர் வாயைக் கட்டிக்கொண்டு வந்திருக்கிறார். நமக்காக அழுகிறார்" என்றான். அரிவாள்கள் தாழ்ந்தன. அன்று அந்தக் கரையில் ஒருவரும் சாகவில்லை. இதைத் தாங்கள் மறவாதிருக்க வேண்டும், யாம் மறக்கவில்லை.

அன்று முதல் அவன் வாயோரத்தில் பாலை வார்த்தார்கள். சந்தனம் பூசினார்கள். மரத்தைச் சுற்றிப் பந்தலிட்டார்கள். மதகை யார் முதலில் திறப்பது என்று கேட்டுக்கொண்டு வந்து நின்றார்கள்; அவன் பசிமயக்கத்தில் தலை சாய்ந்தான்; சாய்ந்த பக்கம் கீழைவாகை என்று கண்டு, மேலைவாகையார் முணுமுணுப்பின்றி மதகுக் கதவை விட்டுக்கொடுத்தார்கள்.

சில வாரங்களில் தாடை கூடிவிட்டது. இது அப்போது அவனுக்கு மட்டுமே தெரியும்; பின்னாளில் அவன் சைகையால் உணர்த்தியதை அலரி எமக்குச் சொன்னாள். ஏரியில் குளிக்கும்போது தலையை நீருக்குள் அமிழ்த்தித் தன் பெயரைத் தானே சொல்லிப் பார்த்தான். குரல் இருந்தது. மேலே எழுந்த குமிழிகளைக் கண்ட அடியார்கள் அந்த நீரைக் குடத்தில் மொண்டு வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். அன்றே அவன் எழுந்து போயிருக்கலாம். ஆனால் அதுவரை ஒரு பிடி அரிசிக்கும் தொண்டை வறளக் கத்தியவன் அவன். இங்கே வாய் மூடியிருந்ததற்கே நெய்யும் தேனும் வந்தன. ஊரே தன் இமை அசைவைப் பார்த்துக்கொண்டு நிற்பது அவனுக்குப் பிடித்திருந்தது. திருவிழா முடியட்டும், போகலாம் என்று நினைத்தான். பிறகு அறுவடை முடியட்டும் என்று நினைத்தான்.

இதற்குள் பக்தி முற்றிவிட்டது. முதலில் பந்தலுக்குள் பேசக்கூடாது என்றார்கள். பிறகு பந்தல் கண்ணுக்குத் தெரியும் தொலைவில் பேசக்கூடாது என்றார்கள். பிள்ளைகளின் வாயில் துணி கட்டினார்கள். பிள்ளை பெறுகிறவள் கத்தினால் பிள்ளைக்குப் பாவம் சேரும் என்று அவள் பல்லிடையே கயிற்றைத் திணித்தார்கள். நாய்களைக் கொன்றார்கள், அவற்றுக்கு மௌனம் கற்பிக்க முடியவில்லை. கீழைவாகையில் ஒரு குயவன் வீட்டுக் கூரையில் தீப்பிடித்தது. முதலில் கண்டவன் வேட்டன். பந்தலில் இருந்தபடியே புகையைப் பார்த்தான். வாயைத் திறந்தான். சுற்றியிருந்த முகங்களைப் பார்த்தான். மூடிக்கொண்டான். பிறகு கண்டவர்களும் கூவவில்லை, கையசைத்துக்கொண்டு ஓடினார்கள். உள்ளே உறங்கிக்கொண்டிருந்த குயவனும் மனைவியும் மகளும் வெந்துபோனார்கள். கடைசிவரை அவர்கள் ஒரு சத்தமும் போடவில்லை என்று மெச்சி, விடங்கன் அவர்களுக்கு நடுகல் நட்டான். புகையில் மூச்சடைத்தவர்கள் எப்படிச் சத்தம் போடுவார்கள் என்று எவரும் கேட்கவில்லை. கேட்கவும் வாய் வேண்டுமே.

அதன்பின் வேட்டனுக்குப் பால் இறங்கவில்லை. போய்விட வேண்டும் என்று அவன் மெய்யாகவே முடிவு செய்தது அப்போதுதான். ஆனால் அவன் எழுவதற்கு முன்னே அலரி வந்து சேர்ந்தாள்.

சந்தை சந்தையாகக் கேட்டு அலைந்து வந்தவள் அவள். கணவன் செத்திருப்பான் என்று நம்பி, எலும்பாவது கிடைக்கட்டும் என்று தேடியவள். பந்தலில் சந்தனமும் மாலையுமாக அவனைக் கண்டதும் அழுகைக்கு முன்னே ஆத்திரம் வந்துவிட்டது. "நான் ஊர் ஊராகப் பிணம் தேடி அலைகிறேன். நீ இங்கே நெய் தின்று கொழுத்து உட்கார்ந்திருக்கிறாயா?" என்று கூட்டத்தின் நடுவில் நின்று கத்தினாள். நெடுநாளாக அங்கே கேட்ட முதல் குரல் அது. ஆணும் பெண்ணுமாக அவள்மேல் பாய்ந்தார்கள். அவளைக் கீழே தள்ளி, ஏரிச் சேற்றை அள்ளி வாய்க்குள் அடைத்தார்கள். அவள் கால்கள் தரையில் அடித்துக்கொண்டன. அதையும் சத்தமில்லாமல் செய்தார்கள்.

வேட்டன் எழுந்தான். "விடுங்கள் அவளை. அவள் என் பெண்டாட்டி. நான் மாடு விற்கிறவன்" என்றான்.

பல நாள் பேசாத குரல் கரகரத்து வந்தது. ஆயினும் கடைசி வரிசை வரை கேட்டது. அலரியை அழுத்தியிருந்த கைகள் விலகின. விடங்கன் அலரியின் வாய்ச் சேற்றைத் தன் விரலாலேயே தோண்டி எடுத்து, பந்தல் விதியைத் தானே தளர்த்தி, இவர் உன் கணவரா என்று மெல்லிய குரலில் வினவினான். அவள் கணவனைப் பார்த்தாள், கூட்டத்தைப் பார்த்தாள். இரு பக்கமும் அரிவாள்கள் இருந்தன. ஆம் என்றால், இத்தனை நாள் தங்களை ஏமாற்றிய தரகனை அவர்கள் துண்டாடுவார்கள். இல்லை என்றால் அவன் முனிவனாகவே இருந்து பிழைப்பான். பிறகு ஒருநாள் அழைத்துக்கொண்டு ஓடிவிடலாம். இப்படிக் கணக்கிட்டதாக அவள் எம்மிடம் சொன்னாள். ஆகவே "இல்லை. என் புருஷன் மாறுகண்ணன். ஆள் தெரியாமல் கத்திவிட்டேன்" என்றாள்.

விடங்கன் நெடுநேரம் யோசித்தான். இந்தப் பெண் பொய் சொல்லக் காரணமில்லை; முனிவரோ பேசாதவர்; ஆகவே பேசியது முனிவர் அல்லர், அவர் வாய்க்குள் புகுந்த ஏதோ ஒன்று என்று தீர்ப்புச் சொன்னான். அதை அங்கேயே சுட்டு விரட்ட வேண்டும் என்றான். மாட்டுக்குச் சூடு போடும் இரும்பைக் காய்ச்சிக் கொண்டுவந்தார்கள். இரண்டு ஊர்ப் பெரியவர்களும் வரிசையாக வந்து வேட்டனின் காலைத் தொட்டு மன்னிப்புக் கேட்டார்கள். பிறகு அவனைப் படுக்கவைத்து அழுத்திப் பிடித்தார்கள். சத்தம் போட்டு அந்தப் பேயை வரவழைத்தவள் அவளே என்பதால், தலையைப் பிடித்துக்கொள்ளும் வேலை அலரிக்கு விதிக்கப்பட்டது. அவள் அவன் தலையைத் தன் மடியில் வைத்துப் பிடித்தாள். இரும்பு வாய்க்குள் போகும்வரை அவன் அவள் கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தான் என்றாள். அதன்பின் பார்த்தானா என்பது தெரியாது, தான் கண்ணை மூடிக்கொண்டதாகச் சொன்னாள்.

இப்போது அவள் அந்தப் பந்தலின் பணிப்பெண். கஞ்சியை நீர்க்கக் காய்ச்சி, அவன் தொண்டைக்குள் துளித்துளியாக இறக்குகிறாள். வேறு யார் ஊட்டினாலும் அவன் புரையேறிச் சாவான் என்பதால், அவளை யாரும் விரட்டுவதில்லை. ஒருமுறை இருவரும் ஓட முயன்றார்கள்; ஏரிக்கரை தாண்டுமுன் அடியார்கள் எதிர்ப்பட்டு, முனிவர் உலாப் புறப்பட்டார் என்று மகிழ்ந்து, தோளில் சுமந்து திரும்பக் கொண்டுவந்து வைத்தார்கள்.

கணியன் விடங்கனோடும் யாம் உரையாடினோம். அவன் வஞ்சகன் என்று தாங்கள் எழுதியிருந்தீர்கள். அல்லன். வஞ்சகனாக இருந்திருந்தால் எமக்கு எளிதாக இருந்திருக்கும். அவன் நம்புகிறான். அந்த இரும்பைப் பிடித்த தன் கையை அதன்பின் அவன் வேறெந்த வேலைக்கும் பயன்படுத்துவதில்லை. மஞ்சள் துணியில் சுற்றி வைத்திருக்கிறான்.

வேட்டனின் மனத்தையும் அறிய விரும்பினோம். மாட்டுத் தரகர்கள் விலை பேசும்போது இருவர் கையையும் ஒரு துண்டால் மூடி, அதனுள் விரலைப் பிடித்தே விலை சொல்வது வழக்கம். அலரி அவனிடம் முன்னரே சைகையால் சொல்லிவைத்தாள்: பெரியவர் ஒருவர் வருவார், போக வேண்டுமானால் அவருடைய சுண்டுவிரலைப் பிடி, இருக்க வேண்டுமானால் கட்டைவிரலை. யாம் பந்தலுக்குள் சென்று, காணிக்கைத் துணியை அவன் கைமேல் போர்த்துவதுபோல் போர்த்தி, எம் கையை உள்ளே கொடுத்தோம். அவன் சுண்டுவிரலைப் பிடிக்கவில்லை, கட்டைவிரலையும் பிடிக்கவில்லை. கை முழுவதையும் சேர்த்துப் பிடித்தான். விடவில்லை. எம் பணியாளர் இருவர் வந்து விரல் விரலாகப் பிரிக்க வேண்டியதாயிற்று. முனிவர் இதுவரை எவருக்கும் இத்தனை அருள் செய்ததில்லை என்று சுற்றி நின்றவர்கள் ஓசையின்றிக் கண்ணீர் விட்டார்கள். யாம் வெளியே வந்தபோது எம் காலடி மண்ணை எடுத்தார்கள்.

ஆகவே வேள் அவர்களே, தாங்கள் எழுதியது முழுவதும் உண்மை. ஒரு சொல்லும் பிழையில்லை. அதைப் பேரரசர் திருமுன் அப்படியே சொன்னோம். பேரரசர் வினவியது ஒன்றே: அவன் வந்தபின் மதகுக் கரையில் எத்தனை பேர் செத்தார்கள் என்றார். எவரும் இல்லை என்றோம். கணவாய்க்கு அப்பாலிருந்து பகைவர் வந்தால் அந்த இரண்டு ஊரும் சேர்ந்து நிற்குமா என்றார். முனிவர் தலை சாய்த்தால் சாகவும் நிற்கும் என்றோம். அதன்மேல் அவர் வேறொன்றும் வினவவில்லை.

ஆதலால் ஆணையாவது: வேற்படை புறப்படாது. மாட்டுத் தரகன் வேட்டன் என்று ஒருவன் கருமலைச் சாலையில் எருது உதைத்து இறந்தான். அவன் ஊருக்கு அவ்வாறே சொல்லி அனுப்பப்பட்டது. அவன் தாய் நீர்க்கடன் செய்து முடித்தாள். வாகையில் இருப்பவர் முனிவர். வரும் தைத் திங்களில் பேரரசர் நேரில் எழுந்தருளி அவருக்குக் கற்கோயில் எழுப்பக் கால்கோள் செய்வார். அதற்குரிய கல்லைத் தங்கள் மலையிலிருந்தே வெட்டிக் கொடுப்பீர்களாக. அலரி என்பவள் உயிரோடு இருக்கும்வரை அவருக்கு ஊட்டுவாள். அவள் உயிருக்குத் தாங்களே பொறுப்பு. முனிவர் மெலிந்திருக்கிறார், நெடுநாள் தாங்கமாட்டார். அடுத்தவரைத் தேடி வைப்பது தங்கள் பணி. பேசாதவராக இருத்தல் நன்று. கிடைக்காவிடில், எவரேனும் போதும். மற்றதை விடங்கன் பார்த்துக்கொள்வான்.

தாங்கள் இரக்கமுள்ளவர் என்பதைப் பேரரசர் அறிவார். தங்கள் அவையில் இச்செய்தியைப் பலர் கேட்கத் தாங்கள் உரக்கப் பேசினீர்கள் என்பதும் அவர் செவிக்கு எட்டியது. இனி அவ்வாறு நிகழாது என்று தங்கள் பொருட்டு யாம் பிணை நின்றிருக்கிறோம்.

இவ்வோலையை வாசிப்பவன் வாசித்தபின் இதைத் தங்கள் கண்முன் தீயிலிடுக. சாம்பலை நீரில் கரைக்க. கொண்டுவந்தவனிடம் விடைமொழி வேண்டா. தலையசைத்து அனுப்பினால் போதும். கயல்முத்திரை இட்டு, ஏறன் சாத்தன் கைச்சாத்து. பேரரசர் ஆணை நிலைக்க.