ஏழு வருஷத்து ‘வராத’

12-4-1982, போளூர்
நான் வேலை பார்க்கும் பால்வாடிக்கு லீவு சொல்லியனுப்பினேன். ஜெயாவுக்கு உடம்பெல்லாம் முத்துப் போட்டிருக்கிறது. வாசலில் வேப்பிலை செருகியாயிற்று. ஏழு வயதுக் குழந்தை, சொறியாமலிருக்கக் கையைத் தொடைக்கடியில் வைத்துக்கொண்டு படுத்திருக்கிறாள். அதிலும் பாட்டியைக் கேட்டு நச்சரிப்பு. “எல்லாருக்கும் ஆயா இருக்காங்க, நம்ம ஆயா வூட்டுக்கு மட்டும் ஏம்மா போறதில்ல?”

14-4-1982
எப்படிச் சொல்ல? மலையை விட்டு இறங்கி, கீழ்நாட்டு மாப்பிள்ளையை என் இஷ்டத்துக்குக் கட்டினேன். அம்மாவுக்குக் கோபம், சரி. ஆனால் ஏழு மாத வயிற்றோடு மலையேறிப் போன மகளை ஊருக்கு வெளியிலேயே மறித்து, “வராத! அப்டியே திரும்பிப் போ” என்றாளே! ஒரு வாய் தண்ணீர் கொடுத்தாளா? அவளெல்லாம் ஒரு அம்மா.

15-4-1982
பக்கத்துத் தெரு முத்தம்மா, எட்டு மாசம் அவளுக்கு, ஜெயாவுக்கென்று முறுக்கோடு தெருமுனையில் வந்தாள். ஓடிப்போய் மறித்தேன். “வராத! அப்டியே திரும்பிப் போ!” முகம் செத்துப்போய்த் திரும்பினாள். ‘வூட்ல அம்மா வந்திருக்கா’ என்று, அம்மை கண்டிருப்பதை வயிற்றுப்பிள்ளைக்காரியிடம் வாய்விட்டுச் சொல்லக்கூடாதே, நான் என்ன செய்வேன்?
அப்புறம்தான் உறைத்தது. அது என் குரலே இல்லை. அம்மாவின் குரல். அப்படியானால் அன்றைக்கு அங்கேயும்...? ஐயோ, இன்னா பண்ணிட்டேன் நானு!

16-4-1982
வீட்டுக்காரர் போய் முத்தம்மா புருஷனிடம் விஷயத்தைச் சொல்லிவிட்டு வந்தார். எனக்கு அப்போது யாரும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

2-5-1982, நெல்லிவாசல்நாடு
அம்மை இறங்கி, ஜெயாவுக்கு மூன்றாம் தண்ணீர் ஊற்றி, ஒரு வாரம் பொறுத்து அம்மா வீட்டுக்குக் கிளம்பினோம். பஸ் போகிற வரை பஸ், அப்புறம் நடை. அம்மா சாமை புடைத்துக்கொண்டிருந்தாள்.
நின்றபடியே கேட்டேன். “அன்னிக்கி வூட்ல யாருக்கு?”
“உன் தம்பிக்குத்தாண்டி. வயித்துப் புள்ளயோட நிக்கிறவகிட்ட எப்டி சொல்றது?”
“அப்பறம் சொல்லியனுப்பறதுக்கு இன்னா?”
“அனுப்பினேனே! கீழ புளி விக்கப் போன கோபால்சாமிகிட்ட, உன்ன வரச்சொல்லி. நீ இன்னா சொன்ன? ‘எனக்கு அம்மாவே இல்ல’ன்னியாம்.”
சொன்னேன். சத்தியமாகச் சொன்னேன். அவள் சொன்னதை ஏழு வருஷம் மறக்காதவள், நான் சொன்னதை எப்படி மறந்தேன்?
ஜெயாவின் கன்னத்துத் தழும்பைத் தடவிக்கொண்டே அம்மா என்னைத் திட்டினாள். திட்டத் திட்ட மனசு லேசாயிற்று.

20-6-1982, போளூர்
அம்மா பலாப்பழத்தோடு வந்து இறங்கினாள். வாசலில் நின்றுகொண்டு, “உள்ள வரலாமாடி, இல்ல அப்டியே திரும்பிப் போவட்டா?” கொழுப்பைப் பார்!
எங்கள் சிரிப்பைக் கேட்டு, தெருவோடு போன முத்தம்மா கைக்குழந்தையோடு எட்டிப் பார்த்தாள். “யாருக்கா?”
“வூட்ல அம்மா வந்திருக்கா” என்றேன்.
குழந்தையை அணைத்துக்கொண்டு நாலடி பின்னால் போய்விட்டாள்.
“ஏய், எங்கம்மாடி! உள்ள வா!”