கொட்டிக்கிழங்கு

பிரியமுள்ள செலின்,

கிடைத்துவிட்டது! நெல்லும் வாய்க்காலும் வருவதற்கு முன்னால் நம் பாபநாசத்துப் பக்கம் வாழ்ந்தவர்கள் என்ன சாப்பிட்டிருப்பார்கள் என்று தெரியாமல்தானே என் நாவல் ஒரு வருஷமாக ஏழாம் அத்தியாயத்திலேயே நின்றது? கொட்டிக்கிழங்கு! வற்றிய குளத்தில் முழங்காலளவு சேற்றில் இறங்கி நானே தோண்டினேன். நானேதான் வேகவைத்தேன், சிரிக்காதே. உப்பு டப்பா எங்கே இருக்கிறதென்று தெரியவில்லை. அவர்களிடம் மட்டும் உப்பு டப்பாவா இருந்தது என்று அப்படியே தின்றேன்.

நீ திருக்காட்டுப்பள்ளிக்கு, உன் அம்மா வீட்டுக்குக் கிளம்பிய அன்று வாசலில் நின்று சொன்னாய்: "மூவாயிரம் வருஷத்துக்கு முந்தின பொம்பள என்ன சாப்பிட்டாள்னு ஊரெல்லாம் விசாரிக்கிறீங்க. நான் சாப்பிட்டேனான்னு ஒரு நாளாவது கேட்டீங்களா?"

அன்று எனக்குக் கோபம்தான் வந்தது.

இன்று அத்தியாயத்தை ஒரே மூச்சில் எழுதிவிட்டேன்! வேட்டையிலிருந்து திரும்புகிறவன் அடுப்படியில் இருப்பவளிடம் முதலில் என்ன பேசுவான் என்று கடைசி வரியில் மட்டும் தடுமாறினேன். பிறகு அதுவும் வந்துவிட்டது. புத்தகத்தில் அச்சாவதற்கு முன்னால் அதை உன்னிடம் கேட்டுவிட வேண்டும்.

நீ சாப்பிட்டியா?

உன் வீட்டுக்காரன்