இரட்டைச் சுழி

அன்புள்ள அப்பாவுக்கு,

வணக்கம். உங்கள் முழங்கால் வலி தேவலையா? அம்மாவின் இருமல் நின்றதா? எனக்கு உடம்புக்கு ஒரு குறையும் இல்லை, கோபம்தான் தலைக்கேறிக் கிடக்கிறது. பதறாதீர்கள், வேலை போகவில்லை.

அருங்காட்சியகத்துக்கு ஆதிமனிதர் சிலைகள் செய்கிறோம் என்று சொன்னேனே. குனிந்து நடந்தவன் தொடங்கி இன்றைய மனிதன் வரை ஆறு பேர். ரப்பர் தலையில் ஊசியால் ஒவ்வொரு முடியாக நடுவது என் வேலை. நேற்று ஆறு பேரும் வண்ணம் பூசி வந்தார்கள். ஐந்து பேர் நம் நிறம். ஆறாவது ஆள் மட்டும் சுண்ணாம்பு அடித்த சுவர்! மனிதன் மனிதனானபோது கறுப்பாகத்தான் இருந்தான், வெளுத்ததெல்லாம் பிற்பாடு என்று ஆராய்ச்சிக்காரர் எழுதிக் கொடுத்த தாள் எங்கள் பட்டறைச் சுவரிலேயே ஒட்டியிருக்கிறது.

மேலாளரிடம் கேட்டேன்.

"கடைசி ஆளு வெள்ளையா இருந்தாத்தாம்மா பார்க்கிறவங்களுக்கு வளர்ச்சி புரியும்."

"அப்போ இந்த வரிசையில நான் எத்தனாவது ஆளு சார்?"

"நீங்க முடியை மட்டும் பாருங்க."

பார்க்கிறேன். ஆறாவது தலை இன்னும் மொட்டை. அதன் உச்சியில் நம் இரட்டைச் சுழியை நடப்போகிறேன். இரண்டு கல்யாணச் சுழி என்று அம்மா உங்களைக் கேலி செய்வாளே, அதேதான். எனக்கும் இருக்கிறது, ஆனால் என் உச்சியைப் பார்த்துச் சொல்ல இங்கே ஒருவரும் இல்லை. அம்மாவிடம் சொல்லி உங்கள் பின்மண்டையை வெளிச்சத்தில் படம் எடுத்து அனுப்புங்கள். வாரி மறைத்துவிடாதீர்கள். சுழி திரும்பும் பக்கம் பிசகக் கூடாது. எத்தனை சுண்ணாம்பு அடித்தாலும் அவன் நம் வீட்டுப் பிள்ளை.

மணி அடிக்கிறது, ஓடுகிறேன்.

உங்கள் மகள்